சந்தையில் கிளிமீன் வாங்கலாமா, விட்டுவிடலாமா?

மலர்விழி (ஜெலுத்தோங்) | சனி, காலை 10.20

அனைவருக்கும் வணக்கம். ஒரு விஷயத்தில் உங்கள் கருத்து வேண்டும். எங்கள் பகுதிச் சந்தையில் கொஞ்ச காலமாகப் பாயான் மீன், அதாவது கிளிமீன், அடிக்கடி வருகிறது. பச்சையும் நீலமும் கலந்த உடல், உதட்டோரம் இளஞ்சிவப்புக் கோடு, கிளியின் அலகைப் போல முன்னே துருத்திய பல். தெங்கிரி விற்கிற விலைக்கு இது கைக்கு அடக்கமாக இருக்கிறது. சதை வெள்ளையாக, மென்மையாக இருக்கும். என் மாமியார் விரும்பிச் சாப்பிடுகிறார்.

என் மகளோ இனி வாங்கவே கூடாது என்கிறாள். பவளப்பாறையைக் காப்பாற்றுவதே இந்த மீன்தான் என்று பள்ளியில் சொல்லிக் கொடுத்திருக்கிறார்கள். என் கணவர், "பவளத்தைக் கடித்துத் தின்கிற மீன் அது. குறைந்தால் பவளத்துக்கு நல்லதுதானே?" என்று கேட்கிறார். இரண்டும் நேர் எதிராக இருக்கின்றன. கடலில் இறங்கிப் பார்த்தவர்களும் மீன் வியாபாரம் தெரிந்தவர்களும் விளக்கினால் நன்றாக இருக்கும்.

செழியன் (பட்டர்வொர்த்) | சனி, காலை 11.45

மலர்விழி அக்கா, மகள் சொல்வதும் உண்மை, உங்கள் வீட்டுக்காரர் சொல்வதும் உண்மை. நான் பருவ காலத்தில் பெர்ஹெந்தியானில் முக்குளிப்பு வழிகாட்டியாக வேலை செய்கிறேன். வடகிழக்குப் பருவமழையில் தீவு அடங்கிக் கிடக்கும்போது வீட்டுக்கு வந்துவிடுவேன். தினமும் பார்க்கிற மீன் என்பதால் கொஞ்சம் விரிவாகவே எழுதுகிறேன்.

பெரும்பாலான கிளிமீன்களுக்கு உயிருள்ள பவளம் முதன்மை உணவு அன்று. செத்த பவளத்தின் மேல் படரும் பாசி, சுண்ணாம்புப் பாறைக்குள்ளேயே குடியிருக்கும் நுண்ணுயிர்கள், இவற்றைத்தான் அவை தேடுகின்றன. அந்த உணவு பாறையோடு ஒட்டிக் கிடக்கிறது. பாறையையும் சேர்த்துச் சுரண்டினால்தான் வயிறு நிறையும். அதற்காகத்தான் அந்த அலகு. வெளியே பார்ப்பதற்கு ஒரே கட்டியாகத் தெரியும். உண்மையில் ஏறக்குறைய 1,000 பற்கள் 15 வரிசைகளாக அடுக்கப்பட்டு இறுகியிருக்கின்றன. முன்வரிசை தேய்ந்து விழ விழ, பின்னால் இருப்பது முன்னே வருகிறது. 2017இல் அமெரிக்காவின் லாரன்ஸ் பெர்க்லி ஆய்வகத்தில் இந்தப் பல்லை எக்ஸ்ரே கொண்டு ஆராய்ந்தவர்கள், அதன் படிகங்கள் இழை இழையாகப் பின்னப்பட்டிருப்பதைக் கண்டார்கள். உயிரினங்கள் உருவாக்கும் பொருள்களில் மிகவும் உறுதியானவற்றுள் அதுவும் ஒன்று.

கடித்த சுண்ணாம்பை அப்படியே விழுங்குவதில்லை. தொண்டைக்குள் இன்னொரு பல் தொகுதி இருக்கிறது. அது ஆட்டுரலைப் போல எல்லாவற்றையும் அரைத்துவிடுகிறது. கிளிமீனுக்கு இரைப்பை கிடையாது. அரைத்த மாவு நேராகக் குடலுக்குப் போகிறது. சத்து உடலில் சேர்ந்துவிடும், மீதி வெள்ளை மணலாக வெளியே வரும். தண்ணீருக்கடியில் ஒரு கிளிமீனைப் பின்தொடர்ந்து போனால், பின்னால் மணல் புகையாகக் கொட்டுவதை நீங்களே பார்க்கலாம். மாலத்தீவில் வக்காரு என்ற தீவைச் சுற்றி ஆய்வு செய்தவர்கள், அங்கே புதிதாக உருவாகும் மணலில் 85 விழுக்காட்டுக்கு மேல் கிளிமீன்களால் வருவது என்று 2015இல் எழுதினார்கள். நம் ரெடாங், பெர்ஹெந்தியான் கடற்கரைகளிலும் அவற்றின் பங்கு இருக்கிறது.

உங்கள் கணவர் சொல்வதற்குப் பொருத்தமான மீன் ஒன்று உண்டு. நெற்றி புடைத்த பெரிய கிளிமீன். 1.3 மீட்டர் நீளம், 46 கிலோ எடை வரை வளரும். அது உயிருள்ள பவளத்தையும் நிறையக் கடிக்கிறது. ஒரே மீன் ஓர் ஆண்டில் 5 டன்னுக்கு மேல் சுண்ணாம்பைத் தின்று தள்ளுகிறது, அதில் ஏறக்குறைய பாதி உயிருள்ள பவளம். சபாவின் சிபாடானில் விடியற்காலையில் இந்த மீன்கள் மந்தையாகப் போகும். அதைக் காண்பதற்கென்றே உலகெங்கிலுமிருந்து ஆட்கள் வருகிறார்கள். வேகமாக வளரும் பவள வகைகளைக் கடித்துக் குறைப்பதால், மெதுவாக வளரும் மற்ற வகைகளுக்கும் இடம் கிடைக்கிறது. எனவே அதையும் பவளத்தின் எதிரி என்று தள்ளிவிட முடியாது. உலக இயற்கைப் பாதுகாப்பு ஒன்றியம் அதை அழிவாய்ப்புள்ள இனமாகப் பட்டியலிட்டிருக்கிறது.

சந்தை விஷயம் பற்றித் தனியாக எழுதுகிறேன். படகு வேலை ஒன்று இருக்கிறது.

தேவகி (செந்தூல், கோலாலம்பூர்) | சனி, பிற்பகல் 1.05

நல்ல விளக்கம் தம்பி. எங்கள் வீட்டுத் தொட்டியில் ஆரஞ்சு நிறத்தில் உருண்டையாக இரண்டு கிளிமீன்கள் இருக்கின்றன. கடையில் அந்தப் பெயரைச் சொல்லித்தான் கொடுத்தார்கள். அவையும் இந்த இனமா? தொட்டிக்குள் பவளக் கல் ஏதாவது போட வேண்டுமா?

அறிவன் (கோலாலம்பூர்) | சனி, பிற்பகல் 1.30

தேவகி டீச்சர், அது வேறு மீன். நன்னீரில் வாழும் சிக்லிட் வகைகளைக் கலந்து 1980களில் தைவானில் உருவாக்கிய கலப்பினம். வாய் சரியாக மூடாது என்பதால் தொண்டைப் பல்லால்தான் உணவை நசுக்குகிறது. பவளக் கல் போடாதீர்கள், தண்ணீரின் காரத்தன்மை கூடிவிடும். வழவழப்பான கூழாங்கல், ஒளிந்துகொள்ள ஒரு மண்சட்டி, இவையே போதும்.

நாகூர்கனி (ஜார்ஜ்டவுன்) | சனி, மாலை 5.50

அஸ்ஸலாமு அலைக்கும். வணக்கம். நான் நாசி கண்டார் கடை வைத்திருக்கிறேன். விடியற்காலையில் மீன் எடுக்கப் போகிறவன் என்ற முறையில் என் பங்கையும் சொல்கிறேன்.

எங்கள் கடைக்கு வருகிறவர்களில் பாதிப் பேர் தொழிற்சாலை ஆட்களும் லாரி ஓட்டுநர்களும். மீன் துண்டு பெரிதாக இருக்க வேண்டும், விலை ஏறக் கூடாது. தெங்கிரியும் வெள்ளை வாவலும் அவர்கள் கைக்கு எட்டாத இடத்துக்குப் போய்விட்டன. பாயான் மீனைப் பொரித்து வைத்தால் மதியத்துக்குள் தீர்ந்துவிடும். அதை வாங்காதே என்று சொல்வது எளிது. அதற்குப் பதிலாக எதை வைப்பது என்று யாரும் சொல்வதில்லை.

இன்னொன்றும் கேட்கிறேன். பவளம் சாவது கடல் சூடாவதால்தானே? 1998, 2010, 2016, 2024 என்று பவளம் வெளுத்துப்போன செய்தி வரிசையாக வந்துகொண்டே இருக்கிறது. 2010இல் தீவுகளில் முக்குளிப்பு இடங்களையே சில மாதம் மூடினார்கள். அந்தச் சூட்டை உண்டாக்கியது என் எண்ணெய்ச் சட்டியா? பெரிய பெரிய நாடுகள் புகையை விட்டுக்கொண்டிருக்கும்போது, ஏழையின் தட்டிலுள்ள மீனைக் கேள்வி கேட்பது எனக்கு நியாயமாகப் படவில்லை. கோபமாகச் சொல்லவில்லை, மனத்தில் பட்டதைச் சொல்கிறேன்.

முருகையா (பாயான் லெப்பாஸ்) | சனி, இரவு 8.15

கனி பாய் சொல்வதில் நியாயம் இருக்கிறது. மீன் மொத்த வியாபாரத்தில் பல காலம் இருந்தவன் நான், இப்போது ஓய்வில் இருக்கிறேன். இந்த மீன் எப்படி வருகிறது என்பதைச் சொன்னால் பேச்சு கொஞ்சம் தெளியும்.

பவளப்பாறை மீன் இழுவை வலையில் பெரிதாகச் சிக்காது. பாறையில் வலை மாட்டிக் கிழிந்துவிடும். ஒன்று, பூபூ என்கிற கம்பிக் கூட்டைப் பாறையோரம் இறக்கி வைப்பார்கள். களவா, செப்பிலி, ஓரா, பாயான் எல்லாம் கலந்து வரும். மற்றொன்று, இரவில் விளக்கோடு இறங்கி ஈட்டியால் குத்துவது. பாயான் மீன் பகலில் மட்டுமே நடமாடும். இரவில் பாறை இடுக்கில் அசையாமல் தூங்கும். கைக்கெட்டும் தூரத்துக்குப் போனாலும் விழிக்காது. ஓர் இரவில் ஒரு பாறையையே காலி செய்துவிட முடியும்.

கூட்டில் வந்ததா, ஈட்டியில் வந்ததா என்பதை மீனைப் பார்த்தே சொல்லலாம். ஈட்டியில் வந்ததற்கு உடலில் துளை இருக்கும். எந்தத் தீவிலிருந்து வந்தது என்பதை மட்டும் வியாபாரிகூடச் சொல்ல முடியாது. நாலு படகு மீனும் ஒரே பெட்டியில் ஐஸ் போட்டு வருகிறது. 1985ஆம் ஆண்டின் மீன்வளச் சட்டத்தின்படி கடல் பூங்காத் தீவுகளைச் சுற்றி 2 கடல் மைலுக்குள் மீன்பிடிக்கத் தடை இருக்கிறது. அந்தக் கோட்டுக்கு உள்ளே பிடித்ததா, வெளியே பிடித்ததா என்று சந்தையில் எப்படித் தெரியும்? எனக்கு இதுதான் பெரிய கவலை.

அறிவன் (கோலாலம்பூர்) | சனி, இரவு 9.40

> பவளம் சாவது கடல் சூடாவதால்தானே?

ஆமாம் பாய், அதை மறுக்க முடியாது. உலக அளவிலான நான்காவது வெளுப்பு நடந்துகொண்டிருப்பதை 2024 ஏப்ரலில் அறிவித்தார்கள். காரணம் வெப்பம். கிளிமீன் கடலைக் குளிர்விக்காது. அதைப் பாதுகாத்தால் வெளுப்பே வராது என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள்.

ஆனால் வெளுப்புக்குப் பிறகு நடப்பதைப் பாருங்கள். பவளம் செத்தால் வெறும் சுண்ணாம்பு மிஞ்சும். அதன் மேல் சில வாரங்களில் பாசி படரும். சுற்றியுள்ள உயிருள்ள பவளங்கள் முட்டையிட்டு, அவற்றின் குஞ்சுகள் நீரில் மிதந்து வந்து ஒட்டுவதற்குச் சுத்தமான பாறைப் பரப்பு தேவை. பாசி அடர்ந்து முளைத்துவிட்டால் ஒட்ட இடமில்லை. ஒட்டியதையும் பாசி மூடிவிடும். அந்த இடத்தைச் சுரண்டிச் சுத்தமாக வைத்திருப்பவை கிளிமீன், ஓரா, முள்வால் மீன், கடல் முள்ளெலி போன்றவை. அவை குறைந்தால், வெப்பம் தணிந்த பிறகும் பவளம் திரும்பி வருவது கடினம்.

கரீபியன் கடலிலுள்ள ஜமைக்காவில் நடந்தது எல்லோருக்கும் தெரிந்திருக்க வேண்டிய கதை. அங்கே பாசியைத் தின்னும் மேய்ச்சல் மீன்களை அளவுக்கு மீறிப் பிடித்துவிட்டார்கள். அப்போதும் கடல் முள்ளெலிகள் பாசியைத் தின்று நிலைமையைத் தாங்கின. 1980இல் பெரும் புயல் பவளத்தை நொறுக்கியது. 1983-84இல் ஒரு நோய் வந்து அந்த முள்ளெலிகளும் கூட்டம் கூட்டமாகச் செத்தன. பாசியைத் தின்ன ஆளில்லை. 1977இல் பாறைப் பரப்பில் சுமார் 52 விழுக்காடாக இருந்த பவளம் 1993இல் 3 விழுக்காட்டுக்கு வந்துவிட்டது. அதற்குப் பிறகுதான் அந்தப் பகுதி நாடுகள் விழித்தன. பெலீஸ் 2009இல் கிளிமீன் பிடிக்கத் தடை போட்டது, பொனேர் தீவு 2010இல் போட்டது.

நம் கடல் கரீபியன் கடல் அல்ல. மேய்ச்சல் மீன் வகைகள் இங்கே அதிகம், ஒன்று குறைந்தால் இன்னொன்று ஓரளவு ஈடுகட்டும். அதனால் அதே வேகத்தில் அதே முடிவு இங்கேயும் வரும் என்று நான் சொல்லவில்லை. ஈடுகட்டுகிறது என்ற நம்பிக்கையில் ஒவ்வொன்றாகக் குறைத்துக்கொண்டே போவதைத்தான் எதிர்க்கிறேன்.

செழியன் (பட்டர்வொர்த்) | ஞாயிறு, காலை 8.30

சந்தை விஷயத்துக்கு வருகிறேன். இந்த மீனைப் பிடிப்பதில் மற்ற மீன்களுக்கு இல்லாத ஒரு சிக்கல் இருக்கிறது.

பெரும்பாலான கிளிமீன் வகைகளில் வாழ்க்கை பெண்ணாகத் தொடங்குகிறது. அப்போது நிறம் மங்கலாக இருக்கும், பழுப்பு, சாம்பல், மங்கிய சிவப்பு என்று. கண்ணைப் பறிக்கும் பச்சையும் நீலமும் கொண்டது, அந்தக் கூட்டத்தின் பெரிய ஆண். தனக்கென்று ஓர் எல்லையும் அதற்குள் சில பெண்களுமாக வாழ்கிறது. அந்த ஆண் செத்தாலோ பிடிபட்டாலோ, இருப்பதில் பெரிய பெண் ஒன்று ஆணாக மாறுகிறது. நிறம், உடலமைப்பு, நடத்தை எல்லாமே மாறுகின்றன.

மலர்விழி அக்கா சந்தையில் பார்த்த பச்சை நீல மீன் அந்த ஆண்தான். ஈட்டிக்காரனும் பெரியதைத்தான் குத்துகிறான், வாங்குகிறவரும் பளிச்சென்று இருப்பதைத்தான் எடுக்கிறார். பெரியதையே பிடித்துக்கொண்டிருந்தால் பெண் மீன்கள் சிறிய அளவிலேயே ஆணாக மாறத் தொடங்குகின்றன. முட்டையிட வேண்டிய காலம் சுருங்குகிறது. பாறையைச் சுரண்டும் வேலையிலும் பெரிய மீனுக்குச் சிறிய மீன் ஈடாகாது. பெரிய அலகு ஒரே கடியில் ஆழமாகத் தோண்டும், சிறியது மேலாகக் கிள்ளும். ரீஃப் செக் மலேசியா என்ற அமைப்பு ஆண்டுதோறும் பவளப்பாறைக் கணக்கெடுப்பு நடத்தும்போது 20 சென்டிமீட்டருக்கு மேற்பட்ட கிளிமீன்களை எண்ணுகிறது. பிடிக்கும் அழுத்தம் எவ்வளவு என்பதை அந்த மீன்கள் காட்டிக்கொடுத்துவிடும்.

முருகையா ஐயா சொன்ன தூக்கத்தைப் பற்றியும் சொல்ல வேண்டும். சில வகைகள் தூங்கப் போகுமுன் வாயிலிருந்து கோழையைச் சுரந்து, உடலைச் சுற்றிக் கண்ணாடிப் பை ஒன்றைக் கட்டிக்கொள்கின்றன. அஞ்சாலை மீன் மோப்பம் பிடிக்காமலிருக்க என்றுதான் முன்பு கருதினார்கள். 2011இல் ஆஸ்திரேலிய ஆய்வாளர்கள் அந்தப் பையை மெதுவாக நீக்கிவிட்டுப் பார்த்தபோது, இரத்தம் உறிஞ்சும் சிறு ஒட்டுண்ணிகள் அந்த மீன்களைத்தான் மொய்த்தன. பைக்குள் இருந்தவை பெரும்பாலும் தப்பித்தன. நாள் முழுவதும் செலவாகும் சக்தியில் 2.5 விழுக்காடுதான் இந்தப் பைக்குப் போகிறது. இவ்வளவு நுட்பமாகத் தன்னைக் காத்துக்கொள்ளும் மீன், கைவிளக்கோடு வரும் மனிதனிடம் மட்டும் ஒன்றும் செய்ய முடியாமல் கிடக்கிறது. இரவு ஈட்டியைத் தடுப்பதற்கு நான் முதலிடம் கொடுப்பது இதனால்தான்.

மலர்விழி (ஜெலுத்தோங்) | ஞாயிறு, காலை 9.15

சமையலறையில் உட்கார்ந்து இதையெல்லாம் மகளுக்கு வாசித்துக் காட்டினேன். அவளுக்கு ஒரு சந்தேகம். கோமாளி மீனும் இப்படித்தான் மாறுமா?

அறிவன் (கோலாலம்பூர்) | ஞாயிறு, காலை 9.40

மாறும், ஆனால் எதிர்த்திசையில். கடல் சாமந்திக்குள் வாழும் கோமாளி மீன் குடும்பத்தில் எல்லாவற்றிலும் பெரியது பெண், அடுத்தது ஆண், மற்றவை வளராத சிறியவை. பெண் செத்தால் ஆண் பெண்ணாகும். சிறியவற்றில் மூத்தது ஆணின் இடத்துக்கு வரும். மகளுக்கு என் வாழ்த்து.

தேவகி (செந்தூல், கோலாலம்பூர்) | ஞாயிறு, முற்பகல் 11.00

நான் இடைநிலைப் பள்ளி ஆசிரியை. மாணவர்கள் அடிக்கடி கேட்கிற ஒன்றை இங்கே வைக்கிறேன். பவளப்பாறை மீன்களுக்கு ஏன் இத்தனை நிறம்? எதிரிக்குத் தெரியாமல் ஒளிந்திருப்பது நல்லதல்லவா? கே.எல்.சி.சி. அக்குவேரியாவின் சுரங்கப்பாதையில் நின்று பிள்ளைகள் கேட்டபோது பாடநூலில் இருந்ததைச் சொன்னேன், அது எனக்கே நிறைவாக இல்லை.

அறிவன் (கோலாலம்பூர்) | ஞாயிறு, பிற்பகல் 12.20

டீச்சர், இந்தக் கேள்விக்கு ஒரே விடை கிடையாது. அதனால்தான் இதைப் படிப்பது எனக்குப் பிடித்திருக்கிறது.

கொன்ராட் லோரன்ஸ் என்ற ஆஸ்திரிய அறிஞர், "இது என் இடம்" என்று தன் இனத்தாருக்கு அறிவிக்கும் விளம்பரப் பலகைதான் இந்த நிறங்கள் என்றார். சில மீன்களுக்கு அது பொருந்துகிறது, பலவற்றுக்குப் பொருந்தவில்லை. பிறகு வந்தவர்கள் மீனின் கண்ணைக் கொண்டு பார்க்கத் தொடங்கினார்கள். நாம் தொட்டியின் வெளிச்சத்தில், கையெட்டும் தூரத்தில் பார்க்கிறோம். கடலில் சில மீட்டர் ஆழத்திலேயே சிவப்பு ஒளி மங்கிவிடுகிறது. அங்கே சிவப்பு மீன் இருட்டாகத் தெரியும், இரவில் உலாவும் மீன்கள் பல சிவப்பாக இருப்பது அதனால்தான். மஞ்சளும் நீலமும் மட்டும் வெகுதூரம் தெரியும். அருகில் நின்றால் இரண்டும் பளிச்சென்று பிரியும். சற்றுத் தள்ளிப் போனால் கோடுகள் ஒன்றோடொன்று கலந்து கடலின் நிறத்தோடு கரைந்துவிடும். பக்கத்திலிருக்கும் துணைக்கு அடையாளம், தூரத்து எதிரிக்கு மறைவு, இரண்டையும் ஒரே உடை செய்துவிடுகிறது.

நம் கண்ணுக்கே தெரியாத நிறமும் உண்டு. அம்போன் டாம்சல் என்ற சிறு மஞ்சள் மீனின் முகத்தில் புற ஊதா ஒளியில் மட்டும் தெரியும் புள்ளிக் கோலம் இருக்கிறது. அதைப் பார்த்துத்தான் தன் இனத்தையும் பக்கத்து இனத்தையும் பிரித்தறிகிறது. பெரிய வேட்டை மீன்கள் பலவற்றுக்கு அந்த ஒளியைக் காணும் கண் இல்லை.

பெரும்பாலான மீன்களின் நீலம் சாயம் அன்று. தோலுக்குள் அடுக்கடுக்காக இருக்கும் நுண்படிகத் தகடுகளில் ஒளி பட்டுத் திரும்புவதால் வருவது. உண்மையான நீல நிறமியைக் கொண்டதாகப் பெயர்பெற்றது மாண்டரின் மீன். சபா கடலில் மாலை நேரத்தில் பவளச் சிதைவுகளுக்கு நடுவே அதைக் காணலாம்.

குமரன் (பிறை) | ஞாயிறு, பிற்பகல் 3.10

எல்லோரும் சந்தையையே பேசுகிறீர்கள். நான் சுற்றுலாவைப் பற்றி ஒன்று சொல்ல வேண்டும். புலாவ் பாயாருக்கு லங்காவியிலிருந்து குடும்பத்தோடு போயிருந்தோம். பினாங்கைச் சுற்றியுள்ள கடல் ஆற்று வண்டலால் கலங்கலாகவே இருக்கும், தெளிவாக மீன் பார்க்க வேண்டும் என்றால் நமக்கு அருகிலிருப்பது அந்தக் கடல் பூங்காதான். எங்களை அழைத்துப் போன படகுக்காரர் எல்லோர் கையிலும் ரொட்டித் துண்டைக் கொடுத்து மீனுக்குப் போடச் சொன்னார். ஐந்து கோடு போட்ட சிறு மீன்கள் நூற்றுக்கணக்கில் வந்து மொய்த்தன. பிள்ளைகளுக்கு ஒரே மகிழ்ச்சி. எனக்கு மனம் ஒப்பவில்லை. இப்படிச் செய்யலாமா?

செழியன் (பட்டர்வொர்த்) | ஞாயிறு, மாலை 4.00

செய்யவே கூடாது குமரன் அண்ணன். ரொட்டி அந்த மீன்களின் உணவு அன்று. தீனிக்குப் பழகிய சில இனங்கள் மட்டும் பெருகி மற்றவற்றை விரட்டுகின்றன. எஞ்சிய ரொட்டி தண்ணீரில் கரைந்து பாசிக்கு உரமாகிறது. மேய்ச்சல் மீன் குறைந்து, பாசிக்கு உரமும் போட்டால் பவளத்துக்கு இரண்டு பக்கமும் அடி. இனி போனால் ரொட்டியை வாங்க மறுத்துவிடுங்கள், காரணத்தையும் சொல்லுங்கள். படகுக்காரர்கள் பயணிகள் விரும்புவதாக நினைத்துத்தான் கொடுக்கிறார்கள். பாயார் கடற்கரையோரம் முழங்கால் ஆழத்திலேயே கருந்துடுப்புச் சுறாக் குஞ்சுகள் சுற்றுமே, அவற்றைப் பார்க்க எந்தத் தீனியும் வேண்டாம்.

நாகூர்கனி (ஜார்ஜ்டவுன்) | ஞாயிறு, இரவு 10.30

கடையை மூடிவிட்டு இப்போதுதான் முழுவதையும் படித்தேன். அறிவன் தம்பி, வெப்பத்தைப் பற்றி நான் சொன்னதில் எனக்கு மாற்றமில்லை. அதற்குப் பொறுப்பானவர்களைக் கேட்காமல் இருக்க முடியாது. ஆனால் இரவு ஈட்டி விஷயம் என்னை உறுத்துகிறது. தூங்குகிற மீனைக் குத்தி ஓர் இனத்தின் ஆண்களையெல்லாம் எடுப்பது சரியான பிழைப்பு இல்லை.

என் தாத்தா இராமநாதபுரம் பக்கத்திலிருந்து வந்தவர். மன்னார் வளைகுடாத் தீவுகளில் பவளத்தை வெட்டிச் சுண்ணாம்புக் காளவாய்க்கு அனுப்பிய காலத்தைப் பற்றி வீட்டில் பேசுவார்கள். அந்த 21 தீவுகளும் 1986இல் தேசியப் பூங்காவாயின. அவற்றுள் இரண்டு தீவுகள் தண்ணீருக்குள்ளேயே போய்விட்டன. பாறை போனால் கரையும் போகும் என்பது எங்களுக்குக் கேள்விப்பட்ட செய்திதான்.

நான் திரும்பக் கேட்பது ஒன்றே ஒன்று. பதிலுக்கு எந்த மீனை வைப்பது? கட்டுப்படியாக வேண்டும்.

முருகையா (பாயான் லெப்பாஸ்) | திங்கள், காலை 7.10

பாய், கணக்கோடு யோசிப்போம். கூண்டில் வளர்க்கும் சியாக்காப், அதுதான் நம் கொடுவா, பினாங்குக் கடலிலேயே கிடைக்கிறது. அளவு ஒரே சீராக இருப்பதால் துண்டு போடுவதில் நட்டம் வராது. விலை பாயானைவிடக் கொஞ்சம் கூடுதல். அதை மட்டும் வைத்தால் உங்களுக்குக் கட்டுப்படியாகாது. சென்சாரு எப்போதும் மலிவு, கெட்டிச் சதை, குழம்பில் உடையாது. வயிற்றைக் கீறி மசாலா அடைத்துப் பொரித்தால் உங்கள் வாடிக்கையாளர்கள் கேட்டு வாங்குவார்கள். இரண்டும் பவளப்பாறையைச் சுரண்டும் வேலை செய்வதில்லை. கெம்போங்கைச் சொல்லவே வேண்டாம், ஏற்கெனவே வைத்திருப்பீர்கள்.

மொத்தமாக எடுப்பவர்கள் நாலு பேர் சேர்ந்து, ஈட்டித் துளையுள்ள பாயான் வேண்டாம் என்று சொல்லிவிட்டாலே வியாபாரி அதை இறக்கமாட்டார். சந்தைக்காரன் புத்தி எனக்குத் தெரியும், இரண்டு நாள் தேங்கினால் மூன்றாம் நாள் அந்தப் பெட்டி வராது.

மலர்விழி அம்மாவுக்கும் இதுதான். எந்த மீனாக இருந்தாலும் அதன் உணவு, வளர்ச்சி, நிலைமை பற்றித் தெரிந்துகொள்ள ஃபிஷ்பேஸ் என்ற இணையத் தரவகம் இருக்கிறது. அதைத் தொடங்கிய நிறுவனம் இன்று வேர்ல்ட்ஃபிஷ் என்ற பெயரில் நம் பத்து மாவுங்கில்தான் இருக்கிறது. 2000ஆம் ஆண்டில் மணிலாவிலிருந்து பினாங்குக்கு இடம் மாறியது. மகளுக்குக் காட்டுங்கள்.

மலர்விழி (ஜெலுத்தோங்) | திங்கள், காலை 8.00

மிக்க நன்றி ஐயா. எங்கள் வீட்டில் பாயானை நிறுத்திவிட்டோம். மாமியாருக்குச் சென்சாரு சம்பால் செய்து தருவதாகச் சொன்னேன், ஒப்புக்கொண்டார். என் கணவர் அந்த நெற்றி புடைத்த மீனின் படத்தைத் தேடிக்கொண்டிருக்கிறார்.

நாகூர்கனி (ஜார்ஜ்டவுன்) | திங்கள், காலை 9.25

சென்சாருவை வெள்ளிக்கிழமையிலிருந்து வைத்துப் பார்க்கிறேன். ஈட்டித் துளை விஷயத்தை என்னோடு மீன் எடுக்கும் மற்றக் கடைக்காரர்களிடமும் பேசுகிறேன். கூட்டில் வரும் சிறிது பாயானை முழுவதுமாக விடுவேன் என்று இப்போது வாக்குக் கொடுக்க முடியாது.

அறிவன் (கோலாலம்பூர்) | திங்கள், காலை 10.05

பாய், கூட்டில் வந்த பாயானும் மேய்ச்சல் மீன்தான் என்பதால் அதில் உங்களோடு எனக்குக் கருத்து வேறுபாடு தொடர்கிறது. ஆனால் நீங்கள் எடுத்த முடிவு நான் எதிர்பார்த்ததைவிடப் பெரியது. மனமார்ந்த நன்றி.

தேவகி (செந்தூல், கோலாலம்பூர்) | திங்கள், பிற்பகல் 2.40

செழியன் தம்பி, பருவமழை முடிந்து தீவுகள் திறந்ததும் எங்கள் பள்ளி இயற்கைக் கழகப் பிள்ளைகளைப் பெர்ஹெந்தியானுக்கு அழைத்துவர நினைக்கிறோம். ஸ்நோர்க்கல் போட்டு மேலே மிதப்பதோடு சரி. எதைப் பார்க்கச் சொல்வது, எதில் எச்சரிக்கை வேண்டும்?

செழியன் (பட்டர்வொர்த்) | திங்கள், மாலை 6.15

அக்கா, முதலில் காதைத் தீட்டச் சொல்லுங்கள். தலையைத் தண்ணீருக்குள் வைத்தவுடன் நறநறவென்று ஒரு சத்தம் கேட்கும், அதில் கிளிமீன் பாறையைக் கடிக்கும் சத்தமும் இருக்கும். அடுத்து, பாறையில் வெள்ளையாக இரட்டைக் கீறல்கள் இருக்கின்றனவா என்று தேடட்டும், அவை அலகு பட்ட இடங்கள். பச்சை ஆணைக் கண்டுவிட்டால் அதையே துரத்த வேண்டாம். சற்றுத் தள்ளி மேயும் மங்கல் நிற மீன்களைப் பார்க்கட்டும், அதே இனத்துப் பெண்களாக இருக்க வாய்ப்பு அதிகம். ஓரிடத்தில் பெரிய மீன்கள் வாயைத் திறந்தபடி வரிசையில் நின்றால், அங்கே நீலக் கோடு போட்ட விரல்நீள மீன் ஒன்று அவற்றின் வாய்க்குள்ளும் செவுளுக்குள்ளும் ஒட்டுண்ணி பொறுக்கிக்கொண்டிருக்கும். அந்த இடத்தில் எவ்வளவு நேரம் வேண்டுமானாலும் மிதக்கலாம், அலுக்காது.

காலில் மாட்டும் துடுப்பு பவளத்தில் படக் கூடாது, நிற்கவும் கூடாது. உயிர்காப்பு அங்கி எல்லோருக்கும் கட்டாயம், நன்றாக நீந்தத் தெரிந்தவர்களுக்கும்தான். வெயிலுக்குக் களிம்பைவிட முழுக்கைச் சட்டை நல்லது.

எச்சரிக்கை ஒன்றுதான், ஆனால் முக்கியம். பெரிய கிளாத்தி மீன் மணலில் குழி பறித்து முட்டையைக் காக்கும் சமயத்தில் ஆளையே துரத்திக் கடிக்கும். முதுகு முள்ளை உயர்த்தி, தலையைச் சாய்த்துப் பார்த்தால் கோபமாக இருக்கிறது என்று பொருள். அது காக்கும் எல்லை குழியிலிருந்து மேல்நோக்கி விரிந்து நீர்மட்டம் வரை வரும். மேலே மிதப்பதால் தப்பிவிட்டோம் என்று நினைக்கக் கூடாது. அதைப் பார்த்தபடியே, துடுப்பு மாட்டிய காலை அதன் பக்கம் நீட்டிக்கொண்டு, பக்கவாட்டில் விலகிப் போக வேண்டும். தேதி முடிவானதும் சொல்லுங்கள், அந்த வாரத்தில் எங்கே குழி போட்டிருக்கிறது என்று முன்கூட்டியே பார்த்து வைக்கிறேன்.